எண்ணாகிய ஒலி: இசைக்கலப்பு மென்பொருளும் மேசைத் தொலைபேசியும்

ஒலியை எண்ணால் அளந்து காணும் கலை காரைதீவுக்குப் புதியதன்று. 1892ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 27ஆம் நாள் இவ்வூரிற் பிறந்த சுவாமி விபுலானந்தர், தமிழ்ப் பண்டிதராக விளங்கியதோடு விஞ்ஞானப் பட்டதாரியாகவும் விளங்கினார். 1947ஆம் ஆண்டு சூன் மாதத்தில், தாம் மறைவதற்கு ஏறத்தாழ ஆறு வாரங்களுக்கு முன், திருக்கொள்ளம்பூதூரில் அரங்கேறிய யாழ் நூலில், பண்டைத் தமிழர் நரம்பிசையை அவர் அதிர்வெண்களாகவும் விகிதங்களாகவும் கணக்கிட்டுக் காட்டினார். ஒரே இறுக்கத்தில் நிற்கும் நரம்பின் நீளம் பாதியானால் அதிர்வெண் இருமடங்காகும் என்னும் பௌதிக விதியும் சிலப்பதிகார அரங்கேற்று காதையும் அந்நூலில் ஒருங்கே நின்று பேசுகின்றன.

அப்பெரியார் கணக்கிட்ட ஒலி இன்று முற்றாகவே எண்ணாக மாறிவிட்டது. நம் மாணவர் கல்லூரியை விட்டுச் சென்றபின் கைக்கொள்ளுந் தொழில்களுள் இரண்டை ஈண்டு எடுத்துக்கொள்வோம். ஒன்று, கலியாண வீட்டிலும் விழா மண்டபத்திலும் மடிக்கணினியைக் கொண்டு பாட்டுகளை இடையறாது கலந்து ஒலிபரப்பும் டி.ஜே. தொழில். மற்றொன்று, அலுவலகங்களில் மேசைத் தொலைபேசிகளை நிறுவி, அவற்றுக்கு எண்ணும் பெயரும் வழங்கும் தொழில். முன்னையது களியாட்டம், பின்னையது கடமை என்று உலகோர் பிரித்து நோக்குவர். ஆயினும் இரண்டினுள்ளும் இயங்குவது ஒரே தத்துவம். அதனை அறிந்தவன் இரண்டையும் செய்வான். பழுது வந்தால் திருத்துவான். அறியாதவன் திரையில் தோன்றும் பொத்தான்களை ஒவ்வொன்றாக அழுத்திவிட்டு, பழுது வந்த அன்று கைகட்டி நிற்பான். இவ்வேறுபாட்டை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஒலி எண்ணாவது எங்ஙனம்?

குளத்து மதகருகே நீர்மட்டங் காட்டும் அளவுகோல் நடப்பட்டிருத்தலை வயல் செய்யும் ஊரார் யாவரும் கண்டிருப்பர். குறித்த நேரத்துக்கு ஒருமுறை மட்டத்தைப் பார்த்துக் குறிப்பேட்டில் எழுதி வந்தால், குளத்தைக் காணாத ஒருவரும் அக்குறிப்பைக் கொண்டு நீர் ஏறியதையும் இறங்கியதையும் கோடாக வரைந்துவிடலாம். ஒலியும் அவ்வாறே. காற்றின் அழுத்தம் ஏறி இறங்கும் அலையே ஒலி. ஒலிவாங்கி அவ்வலையை மின்னலையாக்குகிறது. கணினி அதனை இடைவிடாது அளந்து எண்களாக எழுதிக்கொள்கிறது. அவ்வெண்களைத் திரும்பப் படித்து மின்னலையாக்கினால் ஒலிபெருக்கி பாடுகிறது.

எத்துணை முறை அளக்க வேண்டும் என்பதற்கும் விதியுண்டு. நாம் காக்க விரும்பும் அதியுயர் அதிர்வெண்ணின் இருமடங்குக்கு மேற்பட்ட தடவை ஒரு செக்கனில் அளத்தல் வேண்டும். நைக்குவிஸ்ற்று 1928இலும் சனன் 1948இலும் வெளியிட்ட ஆராய்ச்சிகளால் இவ்விதி நிலைபெற்றது. மனிதச் செவி ஏறத்தாழ 20,000 அதிர்வு வரை கேட்கும். ஆகவே 1982இல் விற்பனைக்கு வந்த இசைக் குறுந்தட்டுக்குச் செக்கனுக்கு 44,100 அளவுகள் எனக் கொண்டனர். தொலைபேசியிலோ பேச்சு விளங்கினாற் போதும். அதற்கு 300 முதல் 3,400 அதிர்வு வரை போதுமாதலின், செக்கனுக்கு 8,000 அளவுகள் என வகுத்தனர்.

ஒவ்வோர் அளவையும் எத்துணை நுட்பமாக எழுதுவது என்பது அடுத்த வினா. குறுந்தட்டு ஒவ்வோர் அளவையும் 65,536 படிகளுள் ஒன்றாகக் குறிக்கிறது. தொலைபேசி 256 படிகளுள் ஒன்றாகக் குறிக்கிறது. அப்படிகளும் சமமானவையல்ல. மெல்லிய ஒலியருகே நெருங்கியும் உரத்த ஒலியருகே விலகியும் அமைந்துள்ளன. அதனாலேயே குறைந்த படிகளிலும் மெல்லிய பேச்சுத் தெளிவாகக் கேட்கிறது. இருசெவிக்கான இசை செக்கனுக்கு 14,11,200 துணுக்குகளை வேண்டிநிற்க, தொலைபேசிப் பேச்சு 64,000 துணுக்குகளோடு அமைந்துவிடுகிறது. தொலைபேசியிற் பாட்டுக் கேட்டால் ஏன் இனிப்பதில்லை என்பதற்கு விடை இதுவே. இவ்வடிப்படையை மனத்திருத்திக்கொண்டு முதலில் மணவீட்டுக்குச் செல்வோம்.

இசைக்கலப்பு மென்பொருள்

கோயில் திருவிழாவில் இசைத்தட்டு முடிந்ததும் அடுத்த தட்டை வைக்கும்வரை ஒலிபெருக்கி ஓய்ந்து நின்ற காலத்தைப் பழைய மாணவர் மறந்திரார். அவ்வோய்வை நீக்க இரண்டு தட்டுகளை அருகருகே வைத்து, ஒன்று முடியுமுன் மற்றதைத் தொடங்கும் வழக்கம் மேனாட்டிற் பரவிற்று. 1973ஆம் ஆண்டு ஆகத்து 11ஆம் நாள் நியூயோர்க் நகரின் பிரொங்ஸ் பகுதியில், கூல் ஹேர்க் எனப்பட்ட சமெய்க்கா நாட்டு இளைஞர் நடாத்திய விருந்து இக்கலை வரலாற்றிற் பெயர் பெற்றது. ஒரே பாட்டின் இரு தட்டுகளைக் கொண்டு, அதன் தாளப்பகுதியை மாற்றி மாற்றி நீட்டுவது அவர் உத்தி. இன்று அவ்விரு தட்டுகளும் அவற்றிடையே உள்ள கலப்புக் கருவியும் கணினித் திரையினுள் மென்பொருளாக அடங்கிவிட்டன. செராட்டோ, வெர்ச்சுவல் டி.ஜே., ரெக்கோர்ட்பொக்ஸ் முதலியன இவ்வகையின. மிக்ஸ் என்பது விலையின்றி எவரும் பெறத்தக்கதாய், மூலநிரலும் திறந்து வைக்கப்பட்டதாய் உள்ளது. பயிலும் மாணவனுக்கு அதனையே நாம் பரிந்துரைப்போம். பூட்டுடைத்த களவுப் பிரதியை நண்பனிடம் வாங்கி நிறுவுவது முறையன்று. அதனோடு கணினிக்கு நஞ்சும் வந்து சேரலாம்.

நிறுவும் ஒழுங்கு வருமாறு: முதலாவது, ஆக்கியோரின் சொந்தத் தளத்திலிருந்தே மென்பொருளைப் பெற்று, நம் கணினியின் இயங்குதளத்துக்கு அது பொருந்துமா என நோக்குக. இரண்டாவது, தட்டும் பிடியும் அமைந்த கட்டுப்பாட்டுப் பலகையை வாங்கியிருப்பின், அதற்குரிய டிரைவர் எனப்படும் இயக்கியை நிறுவியபின் கணினியோடு இணைக்குக. மூன்றாவது, ஒலி வெளிச்செல்லும் வழிகளைக் குறிக்குக. இங்கேதான் புதியவர் பலர் இடறுவர். இத்தொழிலுக்கு ஒலிவழி இரண்டு வேண்டும். ஒன்று சபையோர் கேட்கும் முதன்மை வழி. மற்றது அடுத்த பாட்டை முன்கூட்டிக் காதில் வைத்துப் பார்க்கும் ஹெட்போன் வழி. மடிக்கணினியின் ஒலித்துளை ஒன்றேயாதலின், இரண்டு வழியுள்ள ஒலி அட்டையோ அஃது உள்ளடங்கிய கட்டுப்பாட்டுப் பலகையோ இன்றியமையாதது. நான்காவது, பாட்டுகளை நூலகமாகத் தொகுத்து மென்பொருளை ஆராயவிடுக. அது ஒவ்வொரு பாட்டுக்கும் நிமிடத்துக்கு எத்தனை தட்டு என்னும் தாளவேகத்தையும் சுருதியையும் கண்டு குறித்து வைக்கும்.

ஐந்தாவதே நம் பொருளின் உயிர்நிலை. கணினி எண்களை ஒவ்வொன்றாக ஒலி அட்டைக்கு அனுப்புவதில்லை; சிறுகுளத்தில் நீர் தேக்கி மதகைத் திறப்பதுபோல், ஒரு தொகுதியைத் தேக்கியே அனுப்புகிறது. 256 அளவுகளைத் தேக்கினால் ஏறத்தாழ 6 மில்லி செக்கன் தாமதம்; 1,024 அளவுகளைத் தேக்கினால் 23 மில்லி செக்கன். தேக்கம் பெரிதாயின் கை அசைத்தபின் ஒலி பிந்தும், தாளம் பிசகும். தேக்கம் மிகச் சிறிதாயின், கணினி வேறு வேலையில் நொடிப்பொழுது மூழ்கினும் குளம் வற்றி, ஒலி வெடித்து வெடித்து விடும். ஆகவே ஒலி வெடிக்காத அளவுக்கு மிகச் சிறிய தேக்கத்தைத் தேர்தல் வேண்டும். ஒலி காற்றிற் செக்கனுக்கு ஏறத்தாழ 343 மீற்றர் செல்வதாதலின், 23 மில்லி செக்கன் தாமதம் என்பது ஒலிபெருக்கியிலிருந்து எட்டு மீற்றர் தள்ளி நின்று கேட்பதற்கு ஒப்பாகும்.

தாளங்களைப் பொருத்துவதும் கணக்கே. 100 தட்டுள்ள பாட்டை 104 தட்டுள்ள பாட்டோடு இணைக்க வேண்டின், முன்னதை நூற்றுக்கு நான்கு வீதம் விரைவுபடுத்துவர். அவ்வாறு விரைவுபடுத்தினால் சுருதியும் உயரும். நூற்றுக்கு ஆறு வீதம் விரைவு கூட்டினால் ஏறத்தாழ அரைச் சுரம் ஏறிவிடும். சுருதி மாறாமல் வேகத்தை மட்டும் மாற்றும் ‘சுருதிப் பூட்டு’ மென்பொருளில் உண்டு. அதனைத் திறந்து வைத்து ஒரு தேவாரப் பதிகத்தையோ இஸ்லாமிய கீதத்தையோ வேகமூட்டினால், பாடியவர் குரல் குழந்தையின் குரலாக ஒலிக்கும். விகிதம் அறியாமையின் விளைவு அது.

சிவப்பு விளக்கையும் கவனித்தல் வேண்டும். மேற்படிக்கு மேல் எண் இல்லை. ஒலியை அளவு மீறிக் கூட்டினால் அலையின் உச்சி வெட்டுண்டு தட்டையாகும், கேட்போர்க்குக் காது எரியும், ஒலிபெருக்கியும் பழுதுறும். சட்டத்தின் எல்லையும் ஒன்றுண்டு. 2007ஆம் ஆண்டு நவம்பரில் நம் நாட்டு உயர் நீதிமன்றம் பிறப்பித்த கட்டளை, இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை ஒலிபெருக்கிப் பாவனையைத் தடுத்தது. சட்டத்துக்கு மேலே அயலவர் உரிமையுண்டு. காரைதீவின் ஒருபுறம் மாளிகைக்காடும் சாய்ந்தமருதும், மறுபுறம் நிந்தவூரும் ஒட்டி அமைந்துள்ளன. பாங்கொலி எழும்போது பாட்டைத் தாழ்த்துவதும், பரீட்சைக் காலத்தில் படிக்கும் பிள்ளையை எண்ணிப் பார்ப்பதும் இக்கரையோர வாழ்வின் பண்பாகும். எந்த மென்பொருளும் அதனைத் தானாகச் செய்யாது.

மேசைத் தொலைபேசி

இனி அலுவலகத்துக்குச் செல்வோம். மேசைமீதிருக்கும் புதிய தொலைபேசி, வடிவில் பழையதை ஒத்திருப்பினும் உள்ளே ஒரு சிறு கணினியே. பழைய தொலைபேசிக்குச் செப்புக் கம்பி இரண்டு போதும். எந்தக் கம்பி எந்தத் துளையிற் செருகப்பட்டுள்ளது என்பதைக் கொண்டே இணைப்பகம் அதனை அறியும். புதிய தொலைபேசியை எந்தச் சுவரிற் செருகினாலும் அது தன் எண்ணோடு விழித்தெழும். 067 என்று தொடங்கும் நம் கல்முனைப் பகுதி எண்ணுக்கு வரும் அழைப்பு, அலுவலகத்துள் 201, 202 என்னும் உள்ளிணைப்புகளுக்குப் பிரிந்து செல்வதும் இம்முறையாலேயே.

அஃது எங்ஙனம் தன்னை அறிகிறது? பாடசாலையிற் சேரும் புதிய மாணவனை எண்ணிப் பார்க்குக. அவன் வாயிலில் வந்து தன் பிறப்புச் சான்றிதழைக் காட்டுகிறான். அலுவலகம் அவனுக்கு வகுப்பும் இருக்கையும் தருகிறது. பின் இடாப்பிற் பெயர் பதிகிறது. தொலைபேசியும் இம்மூன்று படிகளையே கடக்கிறது.

வலையமைப்பு வயரைச் செருகியதும் அதனூடாகவே ஏறத்தாழ 48 வோல்ற்று மின்சாரமும் பெற்றுத் தொலைபேசி விழிக்கிறது. வயரினூடே மின் தரும் இம்முறை 2003இல் நியமமாயிற்று. தொழிற்சாலையில் ஒவ்வொரு கருவிக்கும் இடப்பட்ட, பன்னிரண்டு குறிகள் கொண்ட மாக் முகவரியே அதன் பிறப்புச் சான்றிதழ். முகவரி வழங்கும் கருவியை நோக்கி அது ‘எனக்கு இடம் தருக’ எனக் கேட்க, அக்கருவி ஐ.பி. முகவரி ஒன்றைக் கொடுப்பதோடு, ‘உன் அமைப்புக் கோப்பு இன்ன சேவையகத்தில் உள்ளது’ என்றும் கூறுகிறது. 66ஆம் விருப்பு எனத் தொழிலாளர் வழங்குவது இக்குறிப்பையே. தொலைபேசி அச்சேவையகத்தை அணுகித் தன் மாக் முகவரியைச் சொல்ல, அதற்கென எழுதி வைத்த கோப்பு கையிற் கிடைக்கிறது. உள்ளிணைப்பு எண், உரியவர் பெயர், கடவுச்சொல், இணைப்பகத்தின் முகவரி, கிறீனிச்சு நேரத்துக்கு 5 மணி 30 நிமிடம் முந்திய நம் நாட்டு நேரம், பொத்தான்களின் பயன் ஆகிய யாவும் அதனுள் அடங்கும். அதன்பின் தொலைபேசி இணைப்பகத்திற் பெயர் பதிகிறது. இணைப்பகம் எனப்படுவதும் இன்று ஒரு கணினி மென்பொருளே. 1999இல் தோன்றிய அஸ்டெரிஸ்க் என்பது விலையின்றிக் கிடைக்கும் அத்தகைய மென்பொருள்.

அழைப்பு விடுக்கும் உரையாடலுக்கு, 1999இல் முதன்முதல் வெளியாகி 2002இல் திருத்தம் பெற்ற சிப் என்னும் ஒழுங்குமுறை உண்டு. அது கலியாண அழைப்பைப் போன்றது. ‘வருக’ என ஒருவர் அழைக்க, ‘மணி அடிக்கிறது’ என ஒரு விடையும், ‘ஏற்றேன்’ என மற்றொரு விடையும் வரும். அழைப்பு முடிந்தபின் பேச்சு வேறு வழியாற் செல்லும். 20 மில்லி செக்கனுக்குரிய 160 அளவுகளை ஒரு பொதியாகக் கட்டி, செக்கனுக்கு 50 பொதிகளைத் தொலைபேசி அனுப்புகிறது. முகவரி எழுதிய மேலுறைகளையும் சேர்த்தால் 64,000 துணுக்குகள் ஏறத்தாழ 80,000 ஆகும். பத்துப்பேர் ஒரே நேரம் பேசினால் ஒவ்வொரு திசையிலும் 8,00,000 வேண்டும். இணையத் தொடர்பு அதனைத் தாங்குமா என்பதைத் தொலைபேசி வாங்குமுன் கணக்கிடல் வேண்டும்.

அழைப்பும் பேச்சும் வெவ்வேறு வழியாற் செல்கின்றன என்பதை அறிந்தவனுக்கு ஒரு பெரும் புதிர் விடுபடும். மணி அடிக்கிறது, எடுத்தால் ஒருபக்கப் பேச்சு மட்டுமே கேட்கிறது. அறியாதவன் தொலைபேசியையே மாற்றுவான். அறிந்தவனோ, அழைப்பின் வழி திறந்திருக்கப் பேச்சின் வழியை ரவுட்டரோ தீச்சுவரோ மறித்தது என உய்த்துணர்ந்து, அங்கே நோக்குவான். பேச்சு நடுங்கி நடுங்கி வந்தால், பொதிகள் ஒழுங்கற்று வருகின்றன என்றும், அவற்றைச் சற்றுத் தேக்கி ஒழுங்குபடுத்தும் தேக்கம் போதவில்லை என்றும் அறிவான். மணவீட்டிற் கண்ட அதே குளம் ஈண்டும் தோன்றுதல் காண்க. ஒருவழித் தாமதம் 150 மில்லி செக்கனுக்கு உட்பட்டிருப்பின் உரையாடல் இயல்பாக நிகழும் என்பது உலக நியமம். அதனை மிகவும் கடப்பின் இருவரும் ஒருவர் பேச்சில் ஒருவர் விழுவர். இசைக்கு ஓரளவும் இழக்கலாகாது. பேச்சிலோ ஒரு பொதி தவறினாற் காது பொறுக்கும், பிந்தி வந்தாற் பொறுக்காது.

செய்ம்முறைக்குச் சில கூறுவோம். முதலில் தாளில் அட்டவணை எழுதுக: இன்னார் மேசை, இன்ன உள்ளிணைப்பு, இன்ன மாக் முகவரி. ஒரு தொலைபேசியை மட்டும் அமைத்து, உள்ளேயும் வெளியேயும் பேசிப் பார்த்தபின்னரே மற்றவற்றை இணைக்குக. ஒவ்வொன்றின் அடியிலும் பெயர்த்துண்டு ஒட்டுக. தொழிற்சாலை இட்ட கடவுச்சொல்லை அன்றே மாற்றுக. மாற்றாது விட்ட இணைப்பகங்களைத் தேடி, உலகின் எங்கோ இருக்கும் கள்வர் இரவிரவாக வெளிநாட்டழைப்புகளை விடுத்துக் கட்டணத்தை அலுவலகத்தின் தலையிற் சுமத்துதல் நடைமுறையில் உள்ள குற்றம். வெளிநாட்டழைப்புத் தேவைப்படாத உள்ளிணைப்புகளுக்கு அவ்வழியை அடைத்துவிடுவது நன்று.

எல்லாவற்றிலும் முதன்மையானது மின்சாரம். பழைய செப்புக் கம்பித் தொலைபேசிக்கு இணைப்பகமே மின் தந்தது. ஊர் இருண்டாலும் அது பேசும். புதிய தொலைபேசியோ அலுவலக மின்சாரம் நின்ற கணமே ஊமையாகும். சுவிச்சுக்கும் ரவுட்டருக்கும் இணைப்பகக் கணினிக்கும் மின்கலத் துணை இல்லாவிடின், வெள்ளமோ புயலோ வந்து உதவி வேண்டப்படும் அதே நேரத்தில் மேசைமீதுள்ள இருபது தொலைபேசிகளும் பயனற்ற பெட்டிகளாகும். 2004ஆம் ஆண்டு திசெம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலையைக் கண்ட கரை நம் கரை. ஆகவே வைத்தியசாலையிலோ பாடசாலையிலோ பிரதேச செயலகத்திலோ தொலைபேசி நிறுவும் நம் மாணவன், வேலை முடிந்தது என்று கூறுமுன் மின்னை நிறுத்திப் பார்க்கக் கடவன். எத்தனை நிமிடம் பேசலாம் என்பதை அளந்து எழுதிக் கொடுக்கக் கடவன். 119 என்னும் பொலிசு எண்ணும் 1990 என்னும் நோயாளர் வண்டி எண்ணும் உள்ளிணைப்பிலிருந்து தடையின்றிச் செல்கின்றனவா என்பதையும் நோக்கக் கடவன். இசை நின்றால் மணவீட்டார் முகஞ்சுளிப்பர். தொலைபேசி நின்றால் ஓர் உயிர் போகக்கூடும்.

அறிந்து செய்தல்

இவ்விரு தொழிலுக்கும் பொதுவான வினாக்கள் மூன்று. ஒலி எங்கிருந்து எங்கே செல்கிறது? வழியில் எங்கே தேங்குகிறது? மின் நின்றால் யாது நிகழும்? இவற்றுக்கு விடை எழுதியபின் மென்பொருளைத் திறப்பவனுக்குத் திரையிலுள்ள பொத்தான்கள் தாமே பொருள் விளங்கும். நிறுவனங்கள் ஆண்டுதோறும் பொத்தான்களின் இடத்தை மாற்றும், வினாக்கள் மாறுவதில்லை. ஆதலால் பொத்தானை மனனஞ் செய்த கல்வி ஓராண்டில் தேயும். தத்துவத்தை உணர்ந்த கல்வி தொழில் மாறினும் துணைநிற்கும்.

தமிழாசிரியர் இதில் ஏன் தலையிடுகிறார் என வினவுவோரும் உளர். கைந்நூல்கள் ஆங்கிலத்தில் வருகின்றன. ஆங்கிலம் கற்பது நன்றே, கற்கவும் வேண்டும். ஆயின் விளங்காத மொழியில் ‘சம்மதம்’ என்று அழுத்திப் பழகிய கை, தன் அறிவின் மேல் நம்பிக்கை இழந்துவிடும். 1936இல் சென்னையிற் கூடிய சொல்லாக்க மாநாட்டுக்குத் தலைமை தாங்கிய விபுலானந்தர், விஞ்ஞானத்தைத் தாய்மொழியிற் சிந்திக்கலாம் என்பதைச் செயலிற் காட்டினார். அவர் ஊர்ப் பிள்ளைகள் தேக்கம், பொதி, அமைப்புக் கோப்பு, உள்ளிணைப்பு என்று தமிழில் எண்ணிப் பார்த்தல் புதுமையுமன்று, அருமையுமன்று. சொல் கைக்கு வந்தால் பொருளும் கைக்கு வரும்.

நம் பழைய மாணவர்க்கு ஒரு விண்ணப்பத்தோடு முடிப்போம். நுமது அலுவலகத்திலோ கடையிலோ இவ்வேலைகளைச் செய்ய இளைஞன் ஒருவன் வருவானாயின், கூலி கொடுக்குமுன் தான் செய்ததை ஒரு தாளில் தமிழில் எழுதித் தருமாறு கேளுங்கள். ஒலி செல்லும் வழி, கருவிகளின் அட்டவணை, மின் நின்றாற் செய்யவேண்டுவன ஆகிய மூன்றும் அதிலிருக்கட்டும். கடவுச்சொல்லை மட்டும் வேறாக எழுதிப் பூட்டி வையுங்கள். அத்தாளைச் சுவரில் ஒட்டுங்கள். எழுதத் தெரிந்தவன் தான் செய்ததை அறிந்தவன். எழுத இயலாதவனும் அன்று அறிந்துகொள்வான்.